தேக்கங்காட்டுக்கு மரம் தறிக்கப் போன பையன்: வேலை எப்படி, ஆபத்து எங்கே, காசு யாருக்கு

கேள்வி இதுதான்: வவுனியாவில் இருக்கிற மாமா மகன் உயர்தரம் எழுதிவிட்டு, முடிவு வரும்வரைகூட நிற்காமல், தேக்கங்காட்டில் மரம் தறிக்கிற கூட்டம் ஒன்றோடு போய்விட்டான். கையில் காசு புழங்குகிறது. மாமி வெள்ளவத்தைக்கு ஃபோன் எடுத்து அழுகிறார். இது என்ன மாதிரி வேலை, அவ்வளவு ஆபத்தா, பொலிஸ் பிடிக்கிற வேலையா, அவனை இழுத்து வருவதா விடுவதா? கூடவே, 2023 ஒக்டோபரில் கொள்ளுப்பிட்டியில் பஸ்ஸின் மேல் மரம் விழுந்து ஐந்து பேர் இறந்த பிறகு கொழும்பு வீதிகளில் மரம் வெட்டியவர்களைப் பார்த்தேன், அதே வேலைதானே என்றும் ஒரு வரி எழுதியிருக்கிறீர்கள்.

நான் மரம் தறிப்பவன் இல்லை. எங்கள் குடும்பத்துக்குக் கொழும்பில் மர வியாபாரம். குற்றியை அளந்து, விலை பேசி, லொறி ஏற்றி அனுப்புவது என் பங்கு. அதனால் அநுராதபுரம், வவுனியா, மொனராகலைப் பக்கத் தேக்கங்காடுகளிலும் களுத்துறை, கேகாலை றப்பர் தோட்டங்களிலும் இந்த ஆட்களோடு நீண்டநாள் பழக்கம். அவர்களுடைய வாடியில் படுத்திருக்கிறேன், அவர்கள் சமைத்ததைச் சாப்பிட்டிருக்கிறேன், அளவுக்காக அவர்களோடு சண்டையும் பிடித்திருக்கிறேன். நான் சொல்வதில் வாங்குகிறவனின் பார்வை கொஞ்சம் இருக்கும், கழித்துக்கொண்டு வாசியுங்கள்.

வீதி மரத்தை முதலில் முடித்துவிடுவோம். கொழும்பில் மரம் வெட்டுவது என்றால் மரத்தைக் கீழே இறக்குவது. சுற்றிவர மின்கம்பி, மதில், நிறுத்தி வைத்த வாகனம், நின்று வேடிக்கை பார்க்கிற சனம். ஒருவர் மேலே ஏறி நுனியிலிருந்து கொப்புக் கொப்பாகக் கயிற்றில் கட்டி அறுக்க, கீழே நிற்பவர்கள் தளர்த்தித் தளர்த்தி இறக்குவார்கள். திறமை எல்லாம் முடிச்சிலும் கயிறு பிடிப்பவரின் கையிலும். காட்டில் நேர் எதிர். நின்ற மரம் முழுசாக ஒரே தடவையில் விழ வேண்டும், எந்தப் பக்கம் விழும் என்பதை அடியில் நிற்கிற ஒரு மனிதன் தீர்மானிக்கிறான், விழத் தொடங்கிய பிறகு அவன் செய்யக்கூடியது விலகிப் போவது மட்டும்தான்.

பொலிஸ் விஷயத்துக்கு வருகிறேன், மாமிக்கு அதுதான் பெரிய பயமாக இருக்கும். இலங்கையில் இயற்கைக் காட்டில் மரம் தறிப்பது 1990இலிருந்து தடை. அதற்கு முன் அரசே தறித்தது. 1970களில் ஒட்டுப்பலகைத் தொழிற்சாலைக்காகச் சிங்கராஜக் காட்டுக்குள் இயந்திரங்களை இறக்கி மரம் எடுத்தார்கள், எதிர்ப்புக் கிளம்பி அந்தப் பத்தாண்டு முடிவதற்குள் நிறுத்தினார்கள், 1988இல் அதே காடு உலக மரபுரிமை ஆனது. இப்போது சட்டப்படி வெட்டப்படுவதெல்லாம் மனிதர் நட்ட மரம்: வறண்ட வலயத்தில் தேக்கு, மலையகத்தில் யூகலிப்டஸும் பைனும், ஈர வலயத்தில் வயது போன றப்பர், அப்புறம் வீட்டுத் தோட்டத்துப் பலா, மகோகனி, வேம்பு. நாட்டில் அரிபடுகிற மரத்தில் பெரிய பங்கு இந்த வீட்டுத் தோட்டங்களிலிருந்துதான் வருகிறது, பலருக்கு அது தெரியாது. தேக்குகூட இந்த மண்ணின் மரம் இல்லை, ஒல்லாந்தர் 1680 வாக்கில் கொண்டுவந்தது.

அரசு தேக்கு என்றால் ஒழுங்கு இப்படி: வனத் திணைக்களம் எந்தத் துண்டு, எந்த மரம் என்று முடிவு செய்து, மரத்துக்கு இலக்கம் போட்டு, முத்திரைச் சுத்தியலால் அடித்துக் கொடுக்கும். அரச மரக் கூட்டுத்தாபனம் (1968இல் தொடங்கியது) அதைத் தறித்து விற்கும். கூட்டுத்தாபனம் அந்த வேலையைக் கொந்தராத்துக்காரருக்குக் கொடுக்கும், அவர் ஒரு கூட்டத்தைப் பிடிப்பார், அந்தக் கூட்டத்தில் மிஷின்காரருக்கு, அதாவது செயின்சோ என்கிற இயந்திர வாள் பிடிப்பவருக்குக் கீழே கடைசி ஆளாக உங்கள் மாமா மகன் நிற்பான். மேலே எல்லாம் சரியாக இருந்தால் அவன் செய்வது கௌரவமான, சட்டப்படியான வேலை. ஆனால் இலக்கம் இல்லாத மரத்தில் வாள் வைத்தால், அல்லது தேக்குக்கு நடுவே தானாக வளர்ந்து நிற்கிற முதிரையையோ பாலையையோ "இதையும் சேர்த்து ஏற்றுவோம்" என்று யாராவது சொன்னால், அது வேறு கதை. வனச் சட்டம் 1907இலிருந்து இருக்கிறது, அதன்கீழ் குற்றம் நிரூபணமானால் மரம் மட்டுமில்லை, லொறியும் வாளும்கூட அரசுடைமையாகும். பிடிபடுகிற அன்று கொந்தராத்துக்காரர் காட்டில் இருப்பதில்லை. இந்தப் பையன்கள்தான் இருப்பார்கள்.

தனியார் காணி மரத்துக்கும் பர்மிட் இருக்கிறது. பலா, ஈரப்பலா, பெண் பனை மூன்றையும் சொந்த வளவில் நின்றாலும் நினைத்தபடி தறிக்க முடியாது, 1951ஆம் ஆண்டுச் சட்டம், பிரதேச செயலகத்தில் அனுமதி எடுக்க வேண்டும். செயின்சோ வைத்திருப்பவர்களும் அதைப் பதிய வேண்டும் என்று 2019இல் கொண்டுவந்தார்கள். சரி, சட்டம் போதும்.

வாடி என்பது நான்கு தடி, மேலே தறப்பாள், கீழே தடியால் கட்டிய பரண். தண்ணீர் எங்கே இருக்கிறதோ அங்கே போடுவார்கள், குளம் அல்லது குழாய்க்கிணறு. எட்டுப் பத்துப் பேர் படுப்பார்கள். காலையில் பாண் எல்லாம் தாக்குப்பிடிக்காது, சோறுதான், பருப்பும் கருவாட்டுக் குழம்பும், வெளிச்சம் வருமுன்னே சாப்பிட்டுவிட்டு இறங்கிவிடுவார்கள். சீக்கிரம் இறங்குவதற்குச் சூடு மட்டும் காரணம் இல்லை. வறண்ட வலயத்தில் சோளகக் காற்று வெயில் ஏற ஏறத்தான் பலக்கும், தலை பெருத்த மரத்துக்குக் காற்றுப் பிடித்தால் எந்தக் கெட்டிக்காரனும் திசையை வைத்திருக்க முடியாது, அதனால் பெரிய மரங்களைக் காலையில் விழுத்திவிட்டு, பின்னேரம் கொப்புக் கழிப்பதும் துண்டு போடுவதும் ட்ரக்டரில் இழுப்பதும் என்று வைத்துக்கொள்வார்கள். விஷயம் தெரிந்த கூட்டம் அப்படிச் செய்யும். தெரியாத கூட்டமும் இருக்கிறது.

புதுப் பையனுக்கு வாளைக் கொடுக்க மாட்டார்கள். கோடரியும் கத்தியும் கொடுத்துக் கொப்புக் கழிக்க விடுவார்கள், அல்லது மிஷின்காரருக்கு உதவியாளாக எண்ணெய்க் கேனும் ஆப்பும் நீளத் தடியும் தூக்கிக்கொண்டு பின்னால் போகச் சொல்வார்கள். வீட்டில் இதைக் கேட்டு "வாள் பிடிக்காத வேலைதானே" என்று ஆறுதல் பட்டுக்கொள்வார்கள். எனக்கு அந்த ஆறுதல் கிடையாது. மிஷின்காரர் மரத்தைப் பார்த்துக்கொண்டே வேலை செய்கிறார், உதவியாள் மிஷின்காரரைப் பார்த்துக்கொண்டு நிற்கிறான். மேலே காய்ந்த கொப்பு ஆடுவதை அவன் காண்பதில்லை. வாள் சத்தத்தில் யாராவது கத்தினாலும் கேட்காது.

நல்ல மிஷின்காரர் ஒரு மரத்தைத் தறிப்பதைப் பார்த்தால் வாள் ஓடுகிற நேரம் குறைவு, பார்க்கிற நேரம்தான் கூட. மரத்தை ஒரு சுற்றுச் சுற்றி வருவார். எந்தப் பக்கம் சாய்வு, தலைப்பாரம் எங்கே, காய்ந்த கொப்பு தொங்குகிறதா, கொடி பக்கத்து மரத்தோடு பின்னியிருக்கிறதா, குளவிக்கூடு உண்டா. கோடரியின் பின்பக்கத்தால் அடித்துப் பார்ப்பார், உள்ளே கோறையாக இருந்தால் சத்தம் மாறும், கோறை மரம் சொன்ன பேச்சுக் கேட்காது. அப்புறம் அடியில் பற்றையை வெட்டித் துப்புரவாக்கி, தான் ஓடுகிற பாதையையும் வெட்டி வைப்பார்: மரம் விழப்போகிற திசைக்குப் பின்னால், நேர் பின்னால் இல்லை, சரிவாக. நேர் பின்னால் நின்றால் மரம் விழும்போது அடித்தண்டு துள்ளிப் பின்னே பாய்ந்து நெஞ்சில் அடிக்கும்.

பிறகுதான் வாள். விழ வேண்டிய பக்கத்தில் முதலில் ஒரு வாய் திறப்பார்கள், விட்டத்தில் நாலில் ஒன்று அளவு ஆழம், கிட்டத்தட்ட. பிறகு எதிர்ப்பக்கத்திலிருந்து, அந்த வாய்க்குக் கொஞ்சம் மேலாக, பின்வெட்டு. இரண்டு வெட்டும் ஒன்றையொன்று தொடக் கூடாது, இதுதான் முழு வித்தையும். நடுவில் விட்டத்தில் பத்தில் ஒரு பங்கு தடிப்பில் வெட்டாத ஒரு பட்டி விட வேண்டும், அந்தப் பட்டி கதவின் பிணைச்சல் மாதிரி மரத்தைப் பிடித்து, வாய் திறந்த பக்கமாக மடக்கிக்கொண்டு போய் வைக்கும். ஆத்திரத்தில் அதையும் அறுத்துவிட்டால் மரத்தை யாரும் பிடிக்கவில்லை என்று அர்த்தம், அது எங்கும் போகலாம். ஒரு பக்கம் தடிப்பாகவும் மறுபக்கம் மெல்லிசாகவும் விட்டால் மரம் விழுகிறபோதே திரும்பும். முன்பக்கம் மிகச் சாய்ந்து நிற்கிற மரத்தில் வாய் சரியாகத் திறக்காமல் பின்னாலே வெட்டினால் இன்னும் மோசம்: பாதி வெட்டியதும் தண்டு நீளவாக்கில் பிளந்து, பின்பாதி மேலே எழும்பி, வெட்டுகிறவனின் முகத்துக்கு வரும். அதைக் கண்ட ஒருவர் எனக்குச் சொல்லும்போது கையால் காட்டினார், வாயால் சொல்லவில்லை.

அடுத்தது, விழாமல் தொங்குகிற மரம். தேக்கங்காட்டில் மரங்கள் வரிசையாக நெருக்கி நிற்கும், விழுத்தியது பக்கத்து மரத்தின் கவரில் மாட்டிக்கொள்வது சாதாரணம். விதி ஒன்றுதான்: அதற்குக் கீழே போகாதே, ட்ரக்டரைக் கொண்டுவந்து வயர் கட்டி அடியைப் பின்னால் இழு. நடப்பது என்ன? ட்ரக்டர் அரைக் கிலோமீட்டர் தள்ளி வேறு குற்றி இழுத்துக்கொண்டிருக்கும், அது வரும்வரை சும்மா நிற்க வேண்டும், அதனால் தாங்கி நிற்கிற மரத்தையும் அறுத்து இரண்டையும் ஒன்றாக விழுத்தப் பார்ப்பார்கள். எந்த மரம் முதலில் எந்தப் பக்கம் போகும் என்று கணக்குப் போட முடியாத நிலை அது. காட்டில் செத்தவர்களைப் பற்றி நான் கேட்ட கதைகளில் பாதி இங்கேதான் தொடங்குகிறது.

இந்த ஆபத்து நம் நாட்டுக்கு மட்டும் உரியது என்று நினைக்க வேண்டாம். ஒழுங்காகக் கணக்கு வைக்கிற அமெரிக்காவில் 2022இல் முழுநேர மரம் வெட்டுபவர்கள் ஒரு லட்சம் பேருக்கு 100.7 பேர் வேலையில் இறந்தார்கள். எல்லாத் தொழிலும் சேர்ந்த சராசரி 3.7. அங்கே தலைக்கவசம், இரும்பு மூக்குச் சப்பாத்து, வாள் பட்டால் நார் கழன்று செயினைச் சிக்க வைக்கிற தடித்த களுசான் எல்லாம் உண்டு, பல இடங்களில் மனிதன் கண்ணாடி அறைக்குள் இருந்து நெம்புகோலை அசைக்க இயந்திரமே மரத்தைப் பிடித்து அறுத்துக் கொப்புக் கழித்துத் துண்டு போட்டுவிடும், அப்படியிருந்தும் அந்த எண். நம் ஆட்கள் பாட்டாச் செருப்போடும் சறத்தோடும் நிற்கிறார்கள். அந்தத் தடித்த களுசானை வவுனியா வெயிலில் போட முடியாது என்பார்கள், அதிலும் உண்மை இருக்கிறது. ஆனால் தலைக்கவசத்துக்கும் சப்பாத்துக்கும் அந்தச் சாக்கு இல்லை, அதற்குக் காரணம் காசு மட்டும்தான்.

வாளைப் பற்றியும் சொல்ல வேண்டும். ஒரு காலத்தில் கோடரியும் இரண்டு பேர் இழுக்கிற வாளும்தான், பலகை அரிவதென்றால் குழி தோண்டிக் குற்றியை மேலே வைத்து, ஒருவர் மேலே ஒருவர் குழிக்குள், உள்ளே நிற்பவர் கண்ணெல்லாம் மரத்தூள். 1920களில் ஜெர்மனியில் ஸ்டில் செய்த செயின்சோவையே இரண்டு பேர்தான் தூக்க வேண்டும், தனியாள் பிடிக்கிற வாள் 1950 வாக்கில்தான் வந்தது. இன்று நம் காடுகளில் கௌரவம் பழைய ஸ்டில் 070 மாடலுக்குத்தான், 100 சிசிக்கு மேல் எஞ்சின், எந்தக் குற்றியையும் பிளக்கும், பழுது பார்ப்பதும் சுலபம். பிரச்சினை என்னவென்றால் அது பழைய வடிவம். வாள் துள்ளினால் செயினை நிறுத்துகிற பிரேக் 1970களில் வந்த சங்கதி, அதிர்வைக் குறைக்கிற ரப்பர் பிடியும் அதில் கிடையாது. வாளின் மூக்கு நுனியின் மேல்பாதி எதிலாவது பட்டால் வாள் முழுதும் தோளுக்கும் கழுத்துக்கும் எழும்பும், கண் சிமிட்டுகிற நேரம்கூட இல்லை. பையன் எந்த மிஷினுக்குப் பக்கத்தில் நிற்கிறான் என்று கேளுங்கள். செயினை அரம் போட்டுத் தீட்டுகிற ஒழுங்கையும் கேளுங்கள். மொட்டைச் செயின் வாளை அழுத்தச் சொல்லும், அழுத்துகிறவனுக்கு வழுக்கும்.

வன்னிக்கு மட்டும் உரிய ஒன்றும் இருக்கிறது. சண்டை நடந்த பக்கத்து மரங்களில் ஷெல் துண்டும் சன்னமும் உள்ளே போய், பட்டை மூடி, வெளியே தெரியாமல் இருக்கும். செயின் அதில் பட்டால் பல் பறக்கும். மில்லில் பட்டிவாள் பட்டால் வாளே அறுந்து தெறிக்கும். அதனால் அந்தப் பக்கக் குற்றி என்றால் மில்காரர்கள் விலையைக் குறைத்துக் கேட்பார்கள், நானும் கேட்டிருக்கிறேன். அதைவிட முக்கியம், கண்ணிவெடி அகற்றி முடிக்காத துண்டுகள் இன்னும் இருக்கின்றன. அடையாளம் போட்ட எல்லையைத் தாண்டிக் கொப்பு இழுக்கவோ வெளிக்குப் போகவோ கூடாது. வன்னிப் பையனுக்கு இதை நாங்கள் சொல்லிக்கொடுக்க வேண்டியதில்லை, ஆனால் வெளி மாவட்டத்திலிருந்து வருகிற கூட்டத்துக்கு உறைப்பதில்லை.

யானை, கரடி, புடையன் பாம்பு எல்லாம் உண்டு. வாடியில் இரவு முழுவதும் கதை அதைப் பற்றித்தான். எனக்குத் தெரிந்தவரை அவர்களுக்கு அதிகத் தொல்லை தந்தது குளவியும் காய்ச்சலும். மலேரியா ஒரு காலத்தில் காட்டு வேலைக்குப் போன எல்லோரையும் ஒரு தடவையாவது படுக்கப் போட்டது, 2016இல் இலங்கை மலேரியா இல்லாத நாடு என்று உலக சுகாதார நிறுவனம் சான்று கொடுத்துவிட்டது, அந்தப் பயம் போய்விட்டது.

இனிக் காசு. பையன் சொன்ன "ஒரு நாளைக்கு இவ்வளவு" என்பது பொய்யாக இருக்காது, ஆனால் முழுக் கணக்கும் இல்லை. முதலாவது, இது நாட்சம்பளம் இல்லை, பெரும்பாலும் கன அடிக்கு இவ்வளவு என்று கூட்டத்துக்குக் கொடுக்கிற காசு, அதை அவர்களுக்குள் பிரிப்பார்கள், மிஷின்காரருக்கு ஆள் பங்கும் மிஷின் பங்கும் உண்டு. பெட்ரோல், அதில் கலக்கிற டூ-டீ எண்ணெய், செயின், சாப்பாட்டுச் சாமான், ஏற்கெனவே வாங்கிய முற்பணம் எல்லாம் கழித்துத்தான் கைக்கு வரும். 2022இல் பெட்ரோல் தட்டுப்பாட்டில் கேனுக்கு எண்ணெய் அடிக்கக் கூடாது என்று நிறுத்தினார்களே, அப்போது வாள் இருந்தும் ஓட்ட வழியில்லாமல் கூட்டங்கள் முற்பணத்தில் சாப்பிட்டுக் கடனை ஏற்றிக்கொண்டன. இரண்டாவது, மழை. கார்த்திகை பிறந்தால் தேக்கங்காட்டு மண்ணில் ட்ரக்டர் புதையும், குற்றி இழுக்க முடியாது, தறித்துப் போட்டாலும் அளக்க ஆள் வராது, அளக்காவிட்டால் காசு இல்லை. நல்ல நாட்களின் வருமானத்தை வருடத்துக்குப் பெருக்கிப் பார்ப்பவர்கள் இதை மறந்துவிடுவார்கள்.

மூன்றாவது அளவு, என் தொழில் என்பதால் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன். குற்றியின் நடுச்சுற்றளவை நாலாகப் பிரித்து, வந்ததை அதனாலேயே பெருக்கி, நீளத்தால் பெருக்குவோம். சுற்றளவு 4 அடி, நீளம் 10 அடி என்றால் 1 தர 1 தர 10, ஆக 10 கன அடி. உருளை என்று உண்மையான கணக்குப் போட்டால் 12.7 கன அடி வரும். இது 18ஆம் நூற்றாண்டில் ஹொப்பஸ் என்ற ஆங்கிலேய நில அளவையாளர் போட்ட அட்டவணையிலிருந்து வந்த பழக்கம், சதுரமாக அரியும்போது சக்கையாகப் போகிறதை வாங்குகிறவன் முன்கூட்டியே கழித்துக்கொள்கிற ஏற்பாடு. மில்லுக்கு அது நியாயம். தறித்து உருட்டியவன் முழு 12.7ஐயும் தறித்து உருட்டினான், பச்சைத் தேக்கென்றால் அந்த ஒரு துண்டே முந்நூறு கிலோவுக்கு மேல் இருக்கும். இருந்தாலும் எல்லோரும் இதே கணக்கில் அளப்பதால் கன அடி விலையில் அது ஒருமாதிரி சரிக்கட்டப்பட்டுவிடும். சண்டை வருவது டேப்பில். டேப்பைக் கொஞ்சம் இறுக்கி, பட்டைக்கு என்று கழித்து, 4 அடியை 3 அடி 9 அங்குலம் என்று எழுதினால் அந்த 10 கன அடி 8.8க்குக் கிட்ட இறங்கிவிடும். மூன்று அங்குலத்தில் நூற்றுக்குப் பன்னிரண்டு போயிற்று. ஒரு லொறிக்கு, ஒரு சீசனுக்குப் பெருக்கிப் பாருங்கள். கணக்குத் தெரிந்த பையன் ஒருவன் கூட்டத்தில் இருந்தால் டேப் பிடிக்கிறவர்கள் நிதானமாகப் பிடிப்பார்கள், உயர்தரம் படித்தவனுக்கு அந்த ஒரு பயன் உண்டு.

இதையெல்லாம் ஏன் ஆபத்தோடு சேர்த்துச் சொல்கிறேன் என்றால், காட்டில் ஆட்களைக் கொல்வது பெரும்பாலும் இந்தக் கன அடிக் காசுதான் என்று நான் நினைக்கிறேன். நாட்சம்பளக்காரன் காற்று அடித்தால் உட்காருவான். கன அடிக்காரன் "இந்த ஒன்றையும் விழுத்திவிடுவோம்" என்பான். தொங்குகிற மரத்துக்கு ட்ரக்டர் வரும்வரை காத்திருப்பதும், ஓடுகிற பாதையை வெட்டி வைப்பதும், இரண்டு மர நீளத்துக்கு அப்பால் மற்றவர்களை நிறுத்துவதும் அவனுக்கு நட்டம். அவனுக்கு இதெல்லாம் தெரியாமல் இல்லை, கேட்டால் வரிசையாகச் சொல்வான். அந்த விலையை அடித்து இறக்குகிறவர்களில் நாங்களும் இருக்கிறோம், மொறட்டுவையில் தேக்குக் கட்டிலுக்கு விலை குறைக்கச் சொல்லி நிற்கிற நீங்களும் இருக்கிறீர்கள்.

உடம்பு மெதுவாகத்தான் கணக்குக் கேட்கும். வாள் சத்தம் 105 டெசிபலுக்கு மேலே போகும், எட்டு மணி நேரத்துக்கு 85தான் எல்லை என்பார்கள், காதுக்கு ஒன்றும் போடுவதில்லை, நாற்பது வயதுக்குப் பிறகு மிஷின்காரர்கள் கத்திப் பேசுவதைப் பார்த்திருப்பீர்கள். அதிர்வால் விரல் நரம்பும் இரத்தக் குழாயும் கெடும். குளிர் நாட்டில் விரல் வெளுத்துப் போவது கண்ணுக்குத் தெரியும், எங்கள் சூட்டில் விறைப்பும் பிடி தளர்வதுமாகத்தான் வரும், தேத்தண்ணிக் கோப்பையைப் பிடிக்கும்போது தெரியும். முதுகைச் சொல்லத் தேவையில்லை. ஈபிஎஃப், ஈடிஎஃப் (ஊழியர் சேமலாப நிதி, நம்பிக்கை நிதி) சட்டத்தில் இருக்கிறது, தொழில் வழங்குநர் சம்பளத்தில் நூற்றுக்கு 12ம் 3மாகக் கட்ட வேண்டும், ஆனால் கூட்டமாகப் பிடித்த ஆட்களுக்குக் கட்டுகிற கொந்தராத்துக்காரரை நான் அபூர்வமாகத்தான் கண்டிருக்கிறேன். காயப்பட்டால் நட்டஈடு என்று 1934ஆம் ஆண்டுச் சட்டம் ஒன்றும் இருக்கிறது. கேட்பதற்கு, இவன் யாரிடம் வேலை செய்தான் என்று காட்ட ஒரு துண்டுக் காகிதமாவது வேண்டும், அதுதான் இவர்களிடம் இருப்பதில்லை.

றப்பர் தோட்டத்துக்கு மாறலாமா என்று அவன் கேட்டால்: மரம் சின்னது, ஊர் பக்கம், ஆஸ்பத்திரி கிட்ட. ஆனால் சரிவு. விழுத்திய குற்றி உருண்டு வரும், கீழே நிற்பவன்தான் மாட்டுவான். வெட்டிய றப்பரில் சில நாளிலேயே பூஞ்சணம் பிடித்து நீலம் பாயும் என்பதால் அங்கே அவசரம் இன்னும் கூட.

அவனை இழுத்து வரச் சொல்வதா? அது உங்கள் வீட்டு முடிவு. நான் என்றால் முதலில் நாலைந்து கேள்வி கேட்பேன். பர்மிட் யார் பெயரில், அதை அவன் கண்ணால் பார்த்தானா, மரத்தில் இலக்கமும் முத்திரையும் இருக்கிறதா. மிஷின்காரர் எவ்வளவு காலமாகத் தறிக்கிறார், அவருடைய கையிலும் காலிலும் விரல் எல்லாம் இருக்கிறதா (சிரிக்க வேண்டாம், நான் பார்ப்பேன்). காயம் பட்டால் எந்த வாகனத்தில் எந்த ஆஸ்பத்திரிக்கு, அந்த வாகனம் வாடியில் நிற்கிறதா அல்லது ஏற்றிக்கொண்டு போய்விடுமா. கொந்தராத்துக்காரரின் பெயரும் ஃபோன் இலக்கமும் மாமியிடம் இருக்கிறதா. இதற்குப் பதில் வந்தால், ஒரு தலைக்கவசமும் நல்ல சப்பாத்தும் காதுக்கு அடைப்பானும் வாங்கி வவுனியா பஸ்ஸில் அனுப்பிவிடுங்கள், மற்றவர்கள் நக்கலடித்தால் அடிக்கட்டும். பதில் வராவிட்டால் ஆளை அனுப்பிக் கூட்டி வாருங்கள். எப்படியும் மாரி தொடங்கினால் கூட்டம் கலைந்து வீட்டுக்கு வருவான், படிப்பைப் பற்றி அப்போது நேரில் பேசுங்கள், வாடியில் இருப்பவனோடு ஃபோனில் பேசித் தீர்க்கிற விஷயம் இல்லை அது.